கதவு சாத்தாதவன்

குளிர்காலத்தில் கதவைத் திறந்து போட்டுக்கொண்டு இருக்கிற ஒருவனைப் பற்றிக் கனடாவில், ஸ்காபரோவில் யாரிடமாவது சொல்லிப் பாருங்கள். விசர் பிடித்தவன் என்பார்கள். நானும் அப்படித்தான் சொன்னேன். அங்கே ரூஜ் பக்கம் இருக்கும் எங்கள் வீட்டு பேஸ்மென்றுக்கு அவன் குடிவந்த முதல் கிழமையே, அவன் காதுபடவே சொன்னேன். அவன் கோபிக்கவில்லை. "ஓம் அக்கா, கொஞ்சம் இருக்கு" என்று சிரித்தான்.

வீட்டின் பக்கவாட்டில் ஒரு கதவு. அதைத் திறந்து படியால் கீழே இறங்கினால் அவனுடைய அறைக் கதவு. இரண்டுக்கும் அடியில் கறுப்பு ரப்பர் ஆப்பு ஒவ்வொன்று சொருகி வைத்திருப்பான். முழுதாகத் திறக்கமாட்டான், ஒரு கை நுழையும் அளவுக்குத்தான். வெளியே பனி கொட்டும். உள்ளே தொப்பியும் ஜக்கெற்றும் போட்டுக்கொண்டு கட்டிலில் இருந்து தேத்தண்ணி குடிப்பான்.

"தம்பி, முழு ஸ்காபரோவுக்கும் என்னால ஹீற்றர் போடேலாது" என்று இவர் ஒருநாள் கீழே இறங்கிப் போய்ச் சொன்னார். இவர் என்றால் என் கணவர். மனிதருக்குக் கோபம் வந்தாலும் பகிடியாகத்தான் வரும். கடைசியில் ஒரு உடன்பாடு ஆனது. வெளிக்கதவைச் சாத்தலாம், பூட்டக்கூடாது. உள்கதவைத் தொடவே கூடாது. வாடகைக்கு வந்தவன் வீட்டுச் சொந்தக்காரருக்குச் சட்டம் போடுகிறான் என்று அம்மா முணுமுணுத்தார். அம்மாவும் என் தங்கச்சியும் எங்களோடுதான் இருந்தார்கள்.

குளியலறைக் கதவையும் அவன் சாத்தமாட்டான். அதற்கு ஒரு வழி வைத்திருந்தான். உள்ளே நிற்கும்வரை பாடுவான். பாட்டுக் கேட்டால் ஆள் உள்ளே இருக்கிறது, உடுப்புத் தோய்க்கக் கீழே இறங்கக்கூடாது என்று நாங்கள் விளங்கிக்கொள்ள வேண்டும். நல்ல பாட்டாக இருந்தால் பரவாயில்லை. ஊரில் சின்ன வகுப்பில் யாரோ ஒரு ரீச்சர் தானே கட்டிச் சொல்லிக்கொடுத்த இரண்டே வரி.

"கொய்யாமரத்தில் யார் அங்கே?
கொஞ்சம் இறங்கி வா இங்கே."

இதையே திருப்பித் திருப்பிப் பாடுவான். முப்பது வயது கடந்தவன், பேஸ்மென்ற் நிலையில் தலை இடிக்கிற உயரம். என் மகளுக்கு அப்போது ஆறு வயது. அவள் மேலே குசினியில் நின்று முதல் வரியைக் கத்துவாள், கீழேயிருந்து இரண்டாவது வரி வரும். காலமை ஆறரைக்கு எங்கள் வீட்டுச் சுப்ரபாதம் அதுதான்.

அவனுடைய தமிழும் அந்தப் பாட்டு வயதிலேயே நின்றுவிட்டது. பதினொரு வயதில் யாழ்ப்பாணத்தை விட்டு லண்டனுக்குப் போனவன். பதினொரு வயதுப் பிள்ளையின் தமிழ், அதற்கு மேல் லண்டன் இங்கிலிஷ். வீட்டுக்கு வந்த பெரிய மனிதர்கள் முன்னால் எழும்பி நின்று, "ஒண்டுக்குப் போட்டு வாறன்" என்று அறிவித்துவிட்டுப் போவான். தங்கச்சி சிரிப்பை அடக்கமுடியாமல் குசினிக்குள் ஓடுவாள். அவள் மற்ற எவனுடைய பேச்சுக்கும் அப்படி ஓடினதில்லை.

எங்கள் ஆட்களிடம் ஒரு பழக்கம் இருக்கிறது. புதிதாக ஒருவரைக் கண்டால் பெயரைக் கேட்பதற்கு முன்னரே "எந்தப் பள்ளிக்கூடம்?" என்று கேட்டுவிடுவோம். அந்தப் பதிலில் ஊர், சமயம், குடும்பம், குணம் எல்லாம் அடக்கம். ரொறன்ரோவில் யாழ்ப்பாணத்துப் பள்ளிக்கூடம் ஒவ்வொன்றுக்கும் ஒரு பழைய மாணவர் சங்கம் உண்டு. சங்கத்துக்கு ஒரு இராப்போசனம் உண்டு. இராப்போசனத்தில் ஒரு சண்டையும் உண்டு. இவருடைய சங்கத்து ஆட்கள் எங்கள் வீட்டில் கூடும்போது அவனையும் மேலே கூப்பிடுவோம். வாசலைப் பார்த்தபடி இருக்கும் கதிரையைத்தான் தேடிப் பிடிப்பான். கொஞ்ச நேரத்தில் அந்தக் கேள்வி வரும். தெற்கு லண்டனில் இருக்கிற ஒரு பள்ளிக்கூடத்தின் பெயரைச் சொல்வான்.

அந்தப் பெயரை நான் எழுதப்போவதில்லை. லண்டனில் சொந்தக்காரர் இருக்கிறவர்களுக்குச் சொல்லத் தேவையுமில்லை. பெயரைக் கேட்டதும் வாய்க்குப் போன இறைச்சி றோல்ஸ் பாதி வழியில் நிற்கும். அந்தப் பள்ளிக்கூடம் விடுகிற நேரத்தில் பஸ்காரர் அந்தப் பக்கம் நிறுத்தமாட்டார்களாம். எதிரில் இருந்த மீன் பொரியல் கடைக்காரன் ஷட்டரை இழுத்துவிட்டு உள்ளே ஒளிந்திருப்பானாம். யாருக்கும் நேரே தெரியாது, எல்லாருக்கும் யாரோ சொன்னது.

"வாசலில பொலிஸ் வான் எந்த நேரமும் நிக்குமாமே தம்பி?" என்று ஒருவர் தொடங்குவார்.

"ஓம் அண்ணை. அவையளுக்கு எங்கட கன்ரீன்ல இருந்துதான் தேத்தண்ணி போகும்."

"சயன்ஸ் கட்டடத்தைப் பெடியள் கொளுத்தினவங்களாம்?"

"ரெண்டு தரம்."

"பிரெஞ்சு ரீச்சர் ஒராள் வந்த முதல் நாளே ஓடினவராமே?"

"ஜன்னலால குதிச்சவர். பையை விட்டுட்டுப் போட்டார். அது கன வருசம் ஒஃபிசில கிடந்தது."

எதையும் மறுக்கமாட்டான். யார் என்ன கதை கொண்டுவந்தாலும் ஓம் என்று வாங்கி, அதற்கு மேல் ஒன்று வைத்துத் திருப்பிக் கொடுப்பான். பெடியன்கள் ஒரு குதிரையை இரண்டாம் மாடிக்கு ஏற்றிய கதையில் குதிரையின் நிறம் ஆளுக்கு ஆள் மாறும். கேட்டவர்கள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். போகும்போது என்னை ஒரு பக்கம் கூப்பிட்டு, "பிள்ளை, வீட்டில குமர்ப்பிள்ளை இருக்கு, கவனம்" என்று சொல்லிவிட்டுப் போவார்கள்.

அவனுக்கு வேலை பிறம்ரனில், ஒரு வெயர்ஹவுஸில் லொறிக்குச் சாமான் ஏற்றுகிற பக்கம். தினமும் நகரத்தின் இந்த நுனியிலிருந்து அந்த நுனிக்குக் கார் ஓடுவான். "ஏன் தம்பி, கிட்டடியில ஒரு வேலை கிடைக்காதோ?" என்று கேட்டேன்.

"அங்க கதவெல்லாம் எந்த நேரமும் திறந்து கிடக்கும் அக்கா" என்றான். இதையும் பகிடி என்றுதான் எடுத்தேன்.

தங்கச்சிக்கு அப்போது முப்பத்தொன்று. பல் டொக்ரர் ஒருவரின் கிளினிக்கில் வேலை. வந்த சம்பந்தங்களையெல்லாம் ஒவ்வொரு நொட்டை சொல்லித் தட்டிக் கழித்தவள். ஒருநாள் மரக்கறிக் கடை வாசலில் காரை நிறுத்திவிட்டு, இறங்காமல் இருந்து சொன்னாள்: "அக்கா, நான் கட்டினால் கீழ இருக்கிற ஆளைத்தான் கட்டுவன். நீங்கள்தான் அம்மாவோட கதைக்கவேணும்."

கதைத்தேன். எங்கள் குடும்பத்தில் கதைப்பது என்றால் விசாரிப்பது. ஒரு பெடியனை நாலு நாட்டில் விசாரிக்காமல் பெண் கொடுப்பது பாவம் என்று அம்மா நம்புகிறவர். லண்டனில் இவருடைய அக்கா இருக்கிறார், என் மச்சாள். அம்மா தானே போன் எடுத்தார், ஸ்பீக்கரிலும் போட்டார். பள்ளிக்கூடத்தின் பெயரைச் சொன்னதுதான் தாமதம்.

"ஐயோ மாமி, அந்தப் பள்ளிக்கூடமோ! அந்தக் காலத்தில அதில படிச்சதுகளில பாதி ஜெயில்ல, மிச்சம் ஜெயிலுக்குப் போற வழியில. கண்ணை மூடிக்கொண்டு வேண்டாம் எண்டு சொல்லுங்கோ."

அதோடு அம்மாவுக்கு எல்லாம் வெளித்துவிட்டது. வாசலைப் பார்த்துக்கொண்டு இருப்பது ஏன்? யாரோ தேடி வருகிறார்கள். கதவைத் திறந்து வைப்பது ஏன்? ஓடுவதற்கு. லண்டனை விட்டுக் கனடாவுக்கு வந்தது ஏன்? அதையும் சொல்ல வேண்டுமா? "கத்திக்குத்துக்காரனுக்கு நான் பிள்ளை குடுக்கமாட்டன்" என்றார். அம்மா ஒரு முடிவை எடுத்தால் அதில் சீமெந்து பூசினது போல.

தங்கச்சி நேரே கீழே இறங்கிப் போனாள். நான் உடுப்புக் கூடையோடு படியில் நின்றேன். கதவு திறந்து கிடந்தால் கேட்கத்தானே செய்யும்.

"நீங்கள் அங்க ஆரையும் அடிச்சனீங்களோ? இல்லை எண்டு ஒரு சொல்லுச் சொல்லுங்கோ. அது காணும். மிச்சத்தை நான் அம்மாவோட பாத்துக்கொள்ளுறன்."

அவன் கோப்பையைக் கீழே வைக்கிற சத்தம் கேட்டது. பிறகு, "அந்தப் பள்ளிக்கூடத்தில எல்லாரும் அப்பிடித்தான்" என்றான்.

ஒரு பெண் தன் சீவியத்தைக் கையில் ஏந்திக்கொண்டு வந்து கேட்கிறாள், இந்த மடையன் அப்போதும் மறுக்கவில்லை. எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அந்தக் கூடையை அவன் தலையில் கவிழ்த்திருப்பேன். தங்கச்சி மேலே வந்து நேரே அறைக்குள் போய்ப் படுத்துவிட்டாள். அடுத்த நாள் காலமை கீழே பாட்டுக் கேட்டது. மகள் முதல் வரியைக் கத்தப் போனபோது நான் அவள் வாயைப் பொத்தினேன்.

அந்த வருடம் ஆடி மாதம் மச்சாள் தன் மகளோடு லண்டனிலிருந்து வந்தார். மகளுக்குப் பதினைந்து வயது, ஒல்லி, ஓயாத வாய். என் மகளின் பிறந்தநாளும் அந்த நாட்களில்தான். அன்று மழை பிடித்துக்கொண்டதால் வளவுக்குள் போட்ட மேசையைத் தூக்கிக்கொண்டுபோய் பேஸ்மென்றில் கேக் வெட்டினோம். அவனைக் கூப்பிடக்கூடாது என்று அம்மா சொன்னார். அவன் வாசலிலேயே கேக் வெட்டிக்கொண்டு எப்படிக் கூப்பிடாமல் விடுவது? வந்து படியின் கடைசித் தட்டில் இருந்தான், வெளிக்கதவு தெரிகிற மாதிரி.

லண்டன்காரி, அதுதான் மச்சாளின் மகள், அவனிடம், "அங்கிள், நீங்களும் எங்கட ஸ்கூல்தானாமே?" என்று கேட்டாள்.

பார்த்தால் அதே பள்ளிக்கூடம்! பெயரை மாற்றி, யூனிபோமை மாற்றி, புதுத் தலைமை ஆசிரியர் வந்து, இப்போது அது பெயர்பெற்ற பள்ளிக்கூடமாம். அதற்குப் பக்கத்துத் தெருக்களில் இருந்தால்தான் இடம் கிடைக்கும் என்பதற்காகவே மச்சாள் வீடு மாறியிருக்கிறார். ஜெயிலுக்குப் போற வழி என்று சொன்ன அதே வாய்! நான் மச்சாளைப் பார்த்தேன். மச்சாள் கேக்கைப் பார்த்தார்.

"எல்லாம் மாத்திட்டினம், பேயை மட்டும் ஏலாமப் போச்சு" என்றாள் அவள். பேய் என்றதும் பிள்ளைகள் எல்லாம் அவளைச் சுற்றிக் குந்திவிட்டன.

"பழைய ஜிம்முக்குப் பின்னால ஒரு ஸ்டோர் றூம் இருக்கு. அந்தக் காலத்தில ஒரு பெடியனை அதுக்குள்ள விட்டுப் பூட்டிட்டு எல்லாரும் வீக்கெண்டுக்குப் போட்டினம். சும்மா பகிடிக்கு. அவன் புதுசா வந்தவன், இங்கிலிஷ் தெரியாது. மன்டே திறந்து பாத்தா செத்துக் கிடந்தான். இப்பவும் அந்தக் கதவில தட்டினா உள்ள இருந்து திருப்பித் தட்டுவான். சில நேரம் பாடுவான். தமிழ்ப் பிள்ளையளுக்கு மட்டும்தான் அது விளங்குமாம்."

"என்ன பாடுவான்?" என்று என் மகள் கேட்டாள்.

"ஏதோ மரம். மரத்தில ஆரோ இருக்கினமாம்."

தங்கச்சி கேக் தட்டை மேசையில் வைத்தாள். நான் அவனைப் பார்த்தேன். அவன் வழக்கம்போலத் தலையை ஆட்டிக்கொண்டிருந்தான்.

"அவனைத் தெரியுமோ அங்கிள்?"

"கண்டிருக்கிறன்" என்றான். "நீங்கள் ரெண்டு தரம் தட்டினால் அவன் மூண்டு தரம் தட்டுவான் எண்டு சொல்லுவினம்." தன் சாவுக் கதைக்கும் ஓம் போட்டு அதற்கு மேல் ஒன்று வைத்தான். பிறகு எழும்பி, "ஒண்டுக்குப் போட்டு வாறன்" என்று சொல்லிவிட்டுப் படியேறினான். பாட்டு ஒன்றும் கேட்கவில்லை. மேலே போய்க் குசினி ஜன்னலால் பார்த்தேன், வளவுக்குள் மழையில் நின்றான்.

பேஸ்மென்ற் மூலையில் எங்களுக்கு ஒரு கோல்ட் றூம், ஹீற்றர் இல்லாத களஞ்சிய அறை, இருக்கிறது. அரிசி மூட்டை, வெங்காயம், மிளகாய்த்தூள் எல்லாம் அங்கேதான். ஜன்னல் இல்லை. பல்ப் எரிந்துபோய் மாதக்கணக்காகிறது, இவரிடம் சொல்லிச் சொல்லி என் வாய்தான் நொந்தது. குளிர் கசிகிறது என்று வெளிப்பக்கம் ஒரு மலிவுப் பூட்டுப் பிடியை இவரே பொருத்தி வைத்திருந்தார். பெரியவர்கள் மேலே சாப்பாட்டுக்குப் போன நேரம், பிள்ளைகள் பேய் விளையாட்டுத் தொடங்கிவிட்டார்கள். பிறந்தநாள்காரிதான் முதல் பேய். அவளை உள்ளே விட்டுச் சாத்தினார்கள், தட்டினார்கள், அவளும் திருப்பித் தட்டினாள். திறக்கப் போனபோது பிடி கழன்று ஒரு பிள்ளையின் கையோடு வந்துவிட்டது.

நாங்கள் ஓடி வந்தபோது உள்ளே என் பிள்ளை தட்டின தட்டும் கத்தின கத்தலும் இன்றைக்கும் என் காதுக்குள் நிற்கிறது. இவர் பிடியின் ஓட்டைக்குள் கத்தியை விட்டுக் கிண்டினார். ஒன்றும் அசையவில்லை. அம்மா முருகா முருகா என்று அரற்றினார். நான் கதவை அடித்து அடித்து, "அழாதை, அழாதை" என்று கத்தினேன். நான் கத்தக் கத்த அவள் இன்னும் கூடக் கத்தினாள். மூச்சு வாங்குகிற சத்தம் வெளியே கேட்டது.

அவன் நனைந்தபடி படியால் இறங்கி வந்தான். என்னைத் தோளில் பிடித்து விலக்கினான். கதவுக்கு முதுகைக் கொடுத்துத் தரையில் குந்தினான்.

"அண்ணை, பூட்டை விடுங்கோ. மற்றப் பக்கப் பிணைச்சலைக் கழட்டுங்கோ, கதவே கழண்டு வரும். சுத்தியல் எடுத்துக்கொண்டு வாங்கோ." பிறகு தலையைத் திருப்பிக் கதவோடு கதைத்தான். "குஞ்சு, நான் இஞ்சதான் இருக்கிறன். தட்டாதை, கை நோகும். தட்டினால் ஆக்கள் விளையாட்டெண்டு நினைப்பினம். கதவில முதுகைச் சாய்ச்சு இரு. இருந்திட்டியோ? என்ர முதுகும் இஞ்சதான் கிடக்கு."

உள்ளே விக்கல் மட்டும் கேட்டது.

"இருட்டா இருக்கு அங்கிள்."

"ஓம், இருட்டுத்தான். கண்ணை மூடு, அப்ப அது உன்ர இருட்டு. கை ரெண்டையும் நிலத்தில வை. நிலம் குளிருதோ? குளிரட்டும். இப்ப பாடு. பாடினால் உள்ள ஆள் இருக்கெண்டு வெளியில தெரியும்."

"உங்களுக்கு எப்பிடித் தெரியும்?"

அவன் நிமிர்ந்து எங்களைப் பார்த்தான். நான், தங்கச்சி, அம்மா, மச்சாள், மச்சாளின் மகள், எல்லாரும் நின்றோம். ஒரு பொய்யைத் தேடினான் என்று நினைக்கிறேன். உள்ளே பிள்ளை காத்துக்கொண்டிருந்தது.

"நானும் இருந்தனான் குஞ்சு. ஒரு வெள்ளிக்கிழமையில இருந்து திங்கட்கிழமை மட்டும். லண்டனில."

லண்டன்காரி வாயைப் பொத்திக்கொண்டு, "அந்தப் பெடியன் செத்திட்டானே" என்றாள். அது உள்ளே இருந்தவளுக்கும் கேட்டுவிட்டது.

"அங்கிள், நீங்கள் செத்திட்டீங்களோ?"

"இல்லைக் குஞ்சு. பசிச்சது. அவ்வளவுதான். இப்ப நீ பாடு."

முதல் வரி உள்ளேயிருந்து வந்தது. இரண்டாவது வரியை அவன் சொன்னான். இவர் பிணைச்சல் ஆணியைச் சுத்தியலால் தட்டித் தட்டிக் கழற்றும்வரை, அவர்கள் இருவரும் கொய்யாமரத்தில் ஏறி இறங்கிக்கொண்டே இருந்தார்கள். கதவு கழன்றபோது மகள் வெங்காயத் தூசியோடு வெளியே வந்து, என்னிடம் வராமல் அவன் கழுத்தைக் கட்டிக்கொண்டாள்.

அம்மா சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தார். "பாவம் பெடியன்" என்றார்.

அவன் நிமிர்ந்து பார்த்தான். கத்திக்குத்துக்காரன் என்று அம்மா சொன்னது அவன் காதில் விழுந்த நாளில்கூட அவன் முகம் அப்படிக் கறுத்துப்போகவில்லை.

அன்றிரவே அம்மா சம்மதித்துவிட்டார். "தாய் தேப்பன் பக்கத்தில இல்லாமல் வளந்த பெடியன், பாவம், நாங்கள் குடுக்காமல் ஆர் குடுக்கிறது?" என்று நாலு நாட்டுக்கும் போன் எடுத்தார். விசாரித்த அத்தனை பேருக்கும் திருப்பிச் சொல்ல வேண்டுமே! ஒரு கிழமையில் ஸ்காபரோ முழுக்கத் தெரிந்துவிட்டது. கோயிலில் யாரோ ஒரு அன்ரி அவன் தலையைத் தடவிவிட்டுப் போனாராம். மரக்கறிக் கடைக்காரர் அவனைக் கண்டதும் ஓடிவந்து கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நின்றாராம். இவருடைய சங்கத்துக்காரர்கள், "தம்பி, உமக்கு ஒரு பள்ளிக்கூடம் இல்லை எண்டு யோசிக்காதையும், எங்கட சங்கத்தில சேரும்" என்றார்கள். எல்லாம் நல்ல மனத்தோடு செய்ததுதான், அதுதான் பிரச்சினை.

அவன் பாடுவதை நிறுத்திவிட்டான். நான் தேத்தண்ணி கொண்டு கீழே போனேன். கட்டிலில் உட்கார்ந்து கதவைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"அந்தப் பள்ளிக்கூடத்தில நான் ஒரு தவணைகூட முழுசாப் படிக்கேல்லை அக்கா. சித்தப்பாவோட இருந்தனான். நான் அன்ரி வீட்ட போட்டன் எண்டு அவர் நினைச்சார், அன்ரி நான் அவரோட எண்டு நினைச்சா. ஆரும் தேடேல்லை. துப்புரவாக்கிற ஆள்தான் திறந்தது. அதுக்குப் பிறகு லண்டனை விட்டு லெஸ்ரருக்கு அனுப்பிட்டினம். அங்க நல்ல பள்ளிக்கூடம். ஒண்டும் நடக்கேல்லை."

"அப்ப அந்த பிரெஞ்சு ரீச்சர்? குதிரை?"

"பழைய பிள்ளையள் இன்ரநெற்றில எழுதுறவை. எல்லாம் வாசிச்சுப் பாடமாக்கினனான்." கொஞ்சம் சிரித்தான். "என்னைப் பூட்டினதில தானும் ஒராள் எண்டு ஒருத்தன் எழுதியிருந்தான். நித்திரை வாறேல்லையாம்."

"நீர் உயிரோட இருக்கிறன் எண்டு எழுதேல்லையோ?"

"எழுதினா சொறி சொல்லத் தேடி வருவான்." கோப்பையைக் கையில் உருட்டினான். "ரவுடி எண்டு நினைச்சா ஆக்கள் தள்ளி நிப்பினம் அக்கா. பாவம் எண்டு நினைச்சா கிட்ட வருவினம். கிட்ட வந்தா எனக்கு மூச்சு முட்டுது."

பாவம் என்று வாயில் வந்ததை விழுங்கிக்கொண்டு மேலே வந்தேன். அன்று பின்னேரம் தங்கச்சி அவனிடம் கலியாண நாள் பற்றிக் கதைக்கப் போனாள். "நீரும் பாவம் எண்டுதானே வாறீர்?" என்று கேட்டிருக்கிறான். அவள் இல்லை என்றாள், பிறகு அழுதாள். அழுதது பிழையாகப் போய்விட்டது. அந்தக் கிழமை முடியமுதல் சாமான்களைக் காரில் ஏற்றிக்கொண்டு பிறம்ரனுக்குப் போய்விட்டான். கடிதம் வந்தால் அனுப்பச் சொல்லி விலாசம் தந்தான். நாங்கள் போன் எடுத்தாலும் அவன் பதில் சொல்லவில்லை. அறையைக் கூட்டப் போனபோது கதவுக்கடியில் ஒரு ஆப்பு அப்படியே சொருகியபடி கிடந்தது.

அதைத் தங்கச்சியிடம் கொடுத்தேன். ஒரு மாதம் கைப்பைக்குள் வைத்துக்கொண்டு திரிந்தாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலமை வெளிக்கிட்டு வந்து, "அக்கா, காரை எடுங்கோ" என்றாள்.

பிறம்ரனில் அவன் தந்த விலாசம் ஒரு உயரமான அடுக்குமாடி. சாமான் பையோடு வந்த ஒருவருக்குப் பின்னால் நாங்களும் உள்ளே நுழைந்தோம். நீண்ட நடை, இரண்டு பக்கமும் சாத்திய கதவுகள். அவனுடையதும் சாத்தித்தான் கிடந்தது. கீழே ஆப்பு இல்லை, ஒரு விரல் நுழைய இடமில்லை. கதவில் இரண்டு பூட்டுத் துவாரம் தெரிந்தது. நாங்கள் வந்த சத்தத்துக்கு உள்ளே காலடி வந்து நின்றது, ஆனால் கதவு திறக்கவில்லை.

தங்கச்சி தட்டவில்லை. கதவுக்குக் கிட்ட வாயை வைத்து, "நான் பாவம் பாக்க வரேல்லை. என்ர ரெண்டு சாப்பாட்டுப் பெட்டி உங்களிட்ட நிக்குது. அதைத் தாங்கோ" என்றாள். குரலில் நல்ல கோபம்.

பக்கத்து வீட்டுப் பெண் கதவை நீக்கி எங்களைப் பார்த்துவிட்டுத் திரும்பச் சாத்தினாள். எனக்கு வெட்கமாக இருந்தது. போவம் வா என்று தங்கச்சியின் கையைப் பிடித்தேன். அவள் உதறிவிட்டு, முதுகைக் கதவில் சாய்த்து, அந்த நடையில், அந்தக் கம்பளத்தில், நல்ல உடுப்போடு குந்தினாள். குந்திக்கொண்டு பாடினாள். அவளுக்குச் சுருதி என்பது மருந்துக்கும் இல்லை.

"கொய்யாமரத்தில் யார் அங்கே?"

இன்னொரு தரம் பாடினாள். இன்னும் ஒரு தரம். நான் லிஃப்ற் பக்கம் திரும்பி நின்றுகொண்டேன், என் முகத்தை அவள் பார்க்கக்கூடாது என்று.

கதவின் கீழ்ப்பக்கத்திலிருந்து, அவள் தலை இருந்த அதே உயரத்திலிருந்து, அடைத்த குரலில் இரண்டாவது வரி வந்தது.

ஒரு பூட்டுத் திரும்பியது. பிறகு மற்றது. கதவு ஒரு கை நுழையும் அளவுக்குத் திறந்தது. தங்கச்சி உள்ளே எட்டிப் பார்க்கவில்லை. கைப்பையிலிருந்து ஆப்பை எடுத்து, இருந்தபடியே திரும்பி, கதவுக்கடியில் சொருகினாள்.

"இவ்வளவு காணுமோ?" என்று கேட்டாள்.

"காணும்" என்றான்.